விரிப்பு மடிக்க ஒரு ஆள்

கண் விழித்த கணவர் அவளிடம் முதன்முதலாகக் கேட்டது, "சிஸ்டர், கொஞ்சம் தண்ணி கிடைக்குமா?" என்றுதான்.

அவள் தண்ணீர் கொடுத்தாள். மருந்து மயக்கம் என்று நினைத்துக்கொண்டாள். மூளைக்காய்ச்சலில் விழுந்து வாரக்கணக்கில் குழாய்களுக்கு நடுவே கிடந்த மனுஷன் வாய் திறந்து பேசியதே பெரிய விஷயம், யாரென்று நினைத்துப் பேசினால் என்ன? வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்த மகளிடம் ஓடிப்போய், "அப்பா பேசிட்டார்" என்றாள். இரண்டு பேரும் திரும்பி வருவதற்குள் அவருடைய அக்கா உள்ளே போயிருந்தார். பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்தி ஓய்வு பெற்றவர். வீட்டிலும் தெருவிலும் எல்லாருக்கும் அவர் டீச்சர்தான்.

டீச்சரைப் பார்த்ததும் கணவரின் முகம் குழந்தை முகம் மாதிரி மலர்ந்தது.

"அக்கா! என்னக்கா, தலையெல்லாம் இப்படி நரைச்சுப் போச்சு?"

டீச்சர் அழுதுகொண்டே சிரித்தார். கணவர் கையை நீட்டி இவளைக் காட்டினார். "இந்த சிஸ்டர் ரொம்ப நல்லவங்க. கேட்ட உடனே தண்ணி கொடுத்தாங்க. இந்தப் பொண்ணு யாரு, அவங்க மகளா?"

மகள் அம்மாவின் கையைப் பிடித்தாள். நகம் பதிகிற மாதிரி பிடித்தாள்.

டாக்டர் நிறையப் படங்களைக் காட்டினார். மூளையில் இந்த இடம் வெந்திருக்கிறது, இந்த இடம் தப்பித்திருக்கிறது என்றார். சின்ன வயசு நினைவுகள் தங்கியிருக்கின்றன. கல்யாணத்துக்குக் கொஞ்சம் முன்னாலிருந்து எல்லாம் போய்விட்டது. இனிமேல் நடக்கிறதை மெதுவாக மனசில் வாங்கிக்கொள்வார்.

"போனது திரும்ப வருமா?" என்று கேட்டாள்.

"வரலாம். கொஞ்சம் வரலாம். வராமலும் போகலாம். இத்தனை நாள்ல வரும்னு நான் சொன்னா, அது உங்களை சமாதானப்படுத்தறதுக்கு சொல்ற பொய்யா இருக்கும்."

அந்தப் பதிலில் டீச்சர் 'வரலாம்' என்பதை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார். இவள் 'வராமலும் போகலாம்' என்பதையும் சேர்த்து எடுத்துக்கொண்டாள். பிற்பாடு இருவருக்கும் நடுவில் வந்த சண்டைகளுக்கெல்லாம் வித்து அங்கேதான் விழுந்தது.

கீழே சலவைக்கடை, மேலே வீடு. கடை ஓடியது அவருடைய கையால்தான். எண்ணெய்க் கறை, மைக் கறை, துரு, ரத்தம் என்று எது வந்தாலும் துணியை மூக்கருகே கொண்டுபோய் மோந்து பார்த்துவிட்டு, கறை எடுக்கிற மேசைமேல் விரித்து, குப்பிகளில் எதையோ தொட்டுத் தொட்டு வைப்பார். சாயங்காலம் துணி கடையிலிருந்து வாங்கி வந்த மாதிரி இருக்கும். பேச்சு மட்டும் கிடையாது. வாடிக்கையாளர்களிடம் சிரித்துப் பேசுவது, துணியில் அடையாளச் சீட்டுக் குத்துவது, தாமதமானால் திட்டு வாங்குவது எல்லாம் இவள் பாடு. அவளிடமும் அவருக்கு அளந்த பேச்சுதான். "ஏய், இதைப் பிடி." "நீ மேல போ, நான் வரேன்." கோபம் வந்தால் அதுவும் இருக்காது. இஸ்திரிப் பெட்டியை வைக்கிற சத்தத்தில்தான் தெரியும்.

ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பி வந்தவர் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு, "உள்ளே வரலாங்களா?" என்று கேட்டார்.

"உங்க வீடுங்க."

"சொன்னாங்க" என்றார் பணிவாக.

குளிர்பெட்டியைத் திறக்க அனுமதி கேட்டார். மின்விசிறியைப் போட அனுமதி கேட்டார். வாய்க்கு வாய் 'நீங்க', 'வாங்க'. கல்யாணமான நாளிலிருந்து 'ஏய்' என்று கூப்பிட்டவர் இப்படி மரியாதை கொடுத்தது அவளுக்கு அந்நியமாக இருந்தது. முன்பெல்லாம் பக்கத்து வீட்டுக்காரி தன் புருஷன் 'வாங்க போங்க' என்று பேசுவதைப் பெருமையாகச் சொல்லும்போது, 'நமக்கு அந்தக் கொடுப்பினை இல்லை' என்று கிண்டலாகச் சொல்லியிருக்கிறாள். இப்போது அந்த ஒரு 'ஏய்' கிடைக்காதா என்று இருந்தது. இரவு எங்கே படுப்பது என்று அவர் தயங்கித் தயங்கி நிற்பதற்கு முன்னாலேயே முன்னறையில் படுக்கையைப் போட்டுவைத்தாள். அவர் முகத்தில் ஒரு நிம்மதி தெரிந்தது. அதைப் பார்க்காத மாதிரி உள்ளே போய்விட்டாள்.

டீச்சர் விடுவதாயில்லை. தினமும் மாலையில் புகைப்பட ஆல்பத்தோடு வந்துவிடுவார். மூக்குக்கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டு பக்கத்தில் உட்காருவார்.

"இது யாரு, சொல்லு பார்ப்போம்."

"தெரியலக்கா."

"நல்லா பாரு. இவ கல்யாணத்துக்கு ராத்திரி முழுக்க பஸ்ல போனோமே?"

கணவருக்கு நெற்றியில் வியர்க்கும். முதலில் ஒன்றும் வரவில்லை. பிறகு ஒன்றிரண்டு சரியாக வர ஆரம்பித்தன. பிறகு நிறைய வந்தன. டீச்சருக்குத் தலைகால் புரியவில்லை. "நான் சொல்லல? எம் தம்பி மண்டை யாரு மண்டை!" என்று தெரு முழுக்கச் சொல்லிக்கொண்டு போனார். இவளுக்கும் ஆசை துளிர்த்தது, இல்லையென்று சொல்ல முடியாது. ஒரு காலையில் குளியலறைப் பக்கமாகப் போனபோது உள்ளே தண்ணீர் விழுகிற சத்தத்தோடு அவர் குரல் கேட்டது.

"நீலப் புடவை, பெரியம்மா மக. தொப்பி போட்டவர், வீட்டு ஓனர். பல்லு எடுப்பா இருக்கறவர், மாமா பையன். நீலப் புடவை, பெரியம்மா மக..."

பரீட்சைக்குப் போகிற பிள்ளை மாதிரி ஒப்பித்துக்கொண்டிருந்தார். அவள் துண்டை வாசலில் மாட்டிவிட்டு ஓசைப்படாமல் நகர்ந்தாள். யாரிடமும் சொல்லவில்லை.

இதற்கு நடுவே கடை தடுமாறியது. சீட்டும் சிரிப்பும் அவளுக்குத் தெரியும், கறை தெரியாது. பார்த்துப் பார்த்துத் தெரிந்துவைத்ததை நம்பி ஒருநாள் துணிந்து செய்தாள். கச்சேரி மேடைக்கென்று பிடில்காரர் ஒருவர் வைத்திருந்த பட்டுச் சட்டை அது. எந்தக் குப்பியோ மாறிப்போய், மார்பில் காசளவு ஓட்டை விழுந்துவிட்டது. பிடில்காரர் கத்தவில்லை. சட்டையை மெதுவாக மடித்து எடுத்துக்கொண்டு, "அவருக்கு உடம்பு எப்படி இருக்கு?" என்று கேட்டுவிட்டுப் போனார். கத்தியிருந்தால் தேவலை என்று இருந்தது.

அன்று கடையை மூடிவிட்டுக் கறை மேசை எதிரில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். குணமாகி வருவார், அதுவரை தள்ளுவோம் என்று எத்தனை நாள் தள்ளுவது? வரலாம், வராமலும் போகலாம். அவர் வந்தாலும் சரி, வராவிட்டாலும் சரி, நாளைக்குக் கடையைத் திறந்தாக வேண்டும். தனக்குத் தெரிந்த வேலையாக இருக்க வேண்டும்.

மறுநாள் பேருந்து நிலையத்துக்கு எதிரே இருந்த தங்கும் விடுதிக்குப் போய் மேலாளரைப் பார்த்தாள். படுக்கை விரிப்பு, தலையணை உறை, துண்டு, எல்லாம் துவைத்து மடித்துத் தருகிறேன் என்றாள்.

மேலாளர் ஆச்சரியப்பட்டார். "உங்க வீட்டுக்காரர்கிட்ட நானே ஒருதடவை கேட்டேனே. 'இது வேலையா, மூட்டை தூக்கறது'ன்னு மூஞ்சில அடிச்ச மாதிரி சொன்னாரே?"

"அவர் அப்ப சொன்னார். இப்ப நான் கேக்கறேன்."

வேலை கிடைத்தது. பெரிய துவைக்கும் இயந்திரம் வைக்க இடம் வேண்டியிருந்தது. கறை மேசையைக் குப்பிகளோடு அடுத்த தெரு சலவைக்காரருக்குக் கொடுத்துவிட்டாள். அதைத் தூக்கிப் போகும்போது அவள் மாடிக்குப் போய்விட்டாள்.

அன்று மாலை வந்த டீச்சர் கடை வாசலிலேயே நின்றுவிட்டார்.

"மேசை எங்க?"

சொன்னாள்.

"யாரைக் கேட்டுக் கொடுத்த? நாளைக்கு அவன் நினைப்பு வந்து எழுந்து வந்தா, எங்கடி என் மேசைன்னு கேட்டா, என்ன சொல்லுவ?"

"திரும்ப வாங்கிக்கலாம்னு சொல்வேன் அக்கா."

"நீ முடிவு பண்ணிட்ட. அவன் வரமாட்டான்னு முடிவு பண்ணி, அவன் இடத்தைக் காலி பண்ணிட்ட."

"நான் ஒண்ணும் முடிவு பண்ணல. வந்தா வரட்டும், வாசல் திறந்துதான் இருக்கு. ஆனா வாசலைப் பார்த்துக்கிட்டே உக்காந்திருந்தா பொண்ணு படிப்பு என்னாகும்? அவர் மாத்திரை என்னாகும்?"

டீச்சர் விறுவிறுவென்று மாடியேறினார். ஆல்பத்தைத் திறக்கவில்லை. தம்பியைக் கையைப் பிடித்துக் கீழே கூட்டிவந்து, புது இயந்திரம் நின்ற இடத்தைக் காட்டினார்.

"இங்க என்ன இருந்தது? சொல்லு. உன் உயிரையே இங்கதான் வெச்சிருந்த. என்ன இருந்தது?"

இது அவர் படிக்காத கேள்வி. அக்காவைப் பார்த்தார், இவளைப் பார்த்தார், படியில் நின்ற மகளைப் பார்த்தார். யார் முகத்திலாவது பதில் இருக்குமா என்று தேடினார்.

"அலமாரி... அலமாரிதானே?"

டீச்சர் புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டார். கணவர் கைகூப்பினார். "மன்னிச்சிருங்க. எல்லாரும் மன்னிச்சிருங்க" என்றார். எதற்கு மன்னிப்பு என்று அவருக்கே தெரிந்திருக்காது.

மறுநாள் காலையில் முன்னறைப் படுக்கை சுருட்டி வைக்கப்பட்டிருந்தது. ஆள் இல்லை. அவருடைய பழைய சட்டைகள் பீரோவில் அப்படியே இருந்தன. கைக்கடிகாரத்தைக் கழற்றி மேசைமேல் வைத்திருந்தார். ஆஸ்பத்திரியிலிருந்து வந்தபிறகு வாங்கிய இரண்டு சட்டையும் ஒரு வேட்டியும் மட்டும் காணோம்.

மகள் அழ ஆரம்பித்துவிட்டாள். இவள் அழவில்லை. அவருக்குத் தெரிந்த வீடு உலகத்தில் ஒன்றுதான் இருந்தது.

டீச்சர் கதவைத் திறந்தபோது அவர் முகத்தில் வெற்றி ஏதும் இல்லை. ஒரே ராத்திரியில் கிழடு தட்டிப்போயிருந்தது. "நான் கூப்பிடல. அவனா வந்தான்" என்றார். பின்கட்டைக் கைகாட்டினார்.

கணவர் பின்வாசல் படியில் உட்கார்ந்து அக்காவின் செருப்புக்கு அறுந்த வாரைத் தைத்துக்கொண்டிருந்தார். இவளைப் பார்த்ததும் எழுந்து நின்றார்.

வழியெல்லாம் அவள் பேச்சைச் சேர்த்துக்கொண்டு வந்திருந்தாள். நீங்க இல்லாம வீடு வீடா இல்ல, பொண்ணு முகத்துக்காகவாவது வாங்க, எவ்வளவு நாளானாலும் காத்திருக்கேன் என்றெல்லாம் சொல்ல நினைத்திருந்தாள். அவர் நின்ற விதத்தைப் பார்த்ததும் அதில் ஒன்றுகூட வாயில் வரவில்லை.

அவர்தான் முதலில் பேசினார்.

"உங்களை ஏமாத்தறோமோன்னு இருக்குங்க. அந்த ஆளோட தட்டுல சாப்பிடறேன், அந்த ஆளோட சட்டையைப் போட்டுக்கறேன். அவரு என் முகத்துக்குப் பின்னால எங்கயோ இருக்காருன்னு எல்லாரும் எட்டி எட்டிப் பாக்கறீங்க. அவரு வெளிய வரவரைக்கும் நான் சும்மா கதவு மாதிரி நிக்கணும். எத்தனை நாள் நிக்கறது?"

"நிக்க வேணாம்" என்றாள். குரல் அவள் நினைத்ததைவிட வறண்டு வந்தது. "கடைக்கு ஒரு ஆள் வேணும். விடுதி விரிப்பெல்லாம் நீளம். ஒருத்தரா மடிக்க முடியாது, தரையில புரளுது. ரெண்டு முனையில ரெண்டு பேர் பிடிக்கணும். பொண்ணுக்குப் படிப்பு இருக்கு. நீங்க வரீங்களா?"

அவர் யோசித்தார். "எனக்கு அந்த வேலை தெரியாதே."

"எனக்கும் புதுசுதான்."

"போட்டோ?"

"போட்டோ கிடையாது. யாரும் எதுவும் கேக்க மாட்டாங்க."

உள்ளேயிருந்து டீச்சர் மூக்கைச் சிந்துகிற சத்தம் கேட்டது. கணவர் ஊசியையும் நூலையும் கீழே வைத்தார். "இந்த வாரை முடிச்சிட்டு வரேங்க" என்றார்.

இப்படித்தான் அவர் தன் கடைக்கே வேலைக்கு வந்தார்.

மூளை மறந்தாலும் கை மறக்காது என்று டீச்சர் ஒரு நம்பிக்கை வைத்திருந்தார். கையும் மறந்துதான் போயிருந்தது. நீராவி சீறினால் துள்ளி விலகினார். விரிப்பின் முனையை நழுவவிட்டு, துவைத்ததையே திரும்பத் துவைக்க வைத்தார். அகலவாக்கில் மடிக்கச் சொன்னால் நீளவாக்கில் மடித்தார். முந்தைய ஆளாக இருந்தால் விரிப்பைச் சுருட்டி எறிந்திருப்பார். இவர், "அடடா, மறுபடியுமா?" என்று தன்னையே பார்த்துச் சிரித்தார். மெல்ல மெல்லப் பழகியது. இரண்டு பேரும் எதிரெதிரே நின்று இழுத்து, உதறி மடிப்பார்கள். அவர் நடந்து நெருங்கி, முனைகளை அவள் கையில் கொடுத்துவிட்டுக் கீழே தொங்குகிற மடிப்பைக் குனிந்து எடுப்பார். எடுத்துக்கொண்டு பின்னால் போவார். மறுபடி நெருங்கி வருவார். நாளெல்லாம் இதே வேலை.

வாடிக்கையாளர்களோடு பேச ஆரம்பித்தார். அதுதான் யாரும் எதிர்பார்க்காதது. விடுதி மூட்டையைக் கொண்டுவருகிற வண்டிக்காரரின் பிள்ளைகள் பெயரெல்லாம் அவருக்குத் தெரிந்திருந்தது. தேநீரில் சர்க்கரை போட்டுக் குடித்தார். மகள் பள்ளிக்கூடத்திலிருந்து வந்தால், "சாப்பிட்டீங்களா?" என்று கேட்டார்.

"அப்பா, என்னை நீங்க வாங்கன்னு கூப்பிடாதீங்க. ஒரு மாதிரி இருக்கு."

"நீங்க என்னை அப்பான்னு கூப்பிடறதும் எனக்கு ஒரு மாதிரிதான் இருக்கு. நான் ஒண்ணும் செஞ்சதில்லையே உங்களுக்கு."

மகள் புத்தகப் பையைக் கழற்றிப் படியில் வைத்தாள். "எனக்கு உங்களைக் கூப்பிட வேற வார்த்தை தெரியாதே" என்றாள். அவர் தலையாட்டினார். அதற்குப் பிறகு அவளைச் சில நாள் 'நீ' என்றார், மறந்துபோய்ச் சில நாள் 'நீங்க' என்றார். இரண்டுக்கும் அவள் திரும்பிப் பார்த்தாள்.

எல்லாம் சரியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. விடுதி மேலாளர் இன்னொரு விடுதிக்குச் சொல்லிவிட்டார். அந்த நேரத்தில்தான் அவள் உடைந்துபோனாள்.

ஒரு மத்தியானம் யாரோ ஒரு பெண்மணி வெள்ளைச் சட்டையில் மைக் கறையோடு வந்து, "முன்னால இங்க ஒருத்தர் இருந்தாரே, பேசவே மாட்டார், பிரமாதமா எடுத்துக் கொடுப்பார், அவர் இல்லையா?" என்று கேட்டாள். கணவர் பக்கத்திலேயே நின்றுகொண்டிருந்தார். "அவரு இப்ப இல்லைங்க" என்று அவரே சொன்னார், பணிவாக, வருத்தத்தோடு.

இவள் பின்னால் விரிப்புகள் காய்கிற அறைக்குப் போனாள். கொடிகொடியாய்த் தொங்கிய ஈரத் துணிகளுக்கு நடுவே போய் நின்றதும் அடக்க முடியவில்லை. ஒருத்தர் செத்துப்போனால் நாலு பேர் வருவார்கள், கட்டிக்கொண்டு அழுவார்கள், ஒரு நாள் முடியும். இவளுக்கு அது கிடையாது. அவளுடைய மனுஷன் போய்விட்டார், அவர் உடம்பு சுவருக்கு அந்தப் பக்கம் நின்று சட்டைக்குச் சீட்டுக் குத்திக்கொண்டிருக்கிறது. யாரிடம் போய்த் துக்கம் சொல்வது? விரிப்பைப் பிடித்துக்கொண்டு வாய்விட்டு அழுதாள்.

யாரோ துணியை விலக்கினார்கள். டீச்சர். ஆல்பத்தை விட்டபிறகும் வருவதை அவர் விடவில்லை, பொத்தான் தைத்துக் கொடுக்க வருவார். கையிலிருந்த சட்டையைக் கொடியில் போட்டுவிட்டுக் கிட்டே வந்தார்.

"எனக்காவது சின்ன வயசு தம்பி மிஞ்சியிருக்கான். குளத்துல விழுந்தது, அம்மாகிட்ட அடி வாங்கினது எல்லாம் இன்னிக்கும் அவனும் நானும் பேசிச் சிரிக்கறோம். உனக்கு எதையுமே விட்டு வைக்கலயே. அதை நான் நினைச்சே பார்க்கல."

"மேசையைக் கொடுத்தப்போ எனக்கு மட்டும் வலிக்காம இருந்ததா அக்கா?"

"தெரியும்டி. அன்னிக்குத் தெரியல. இப்ப தெரியுது."

இரண்டு பேரும் ஈரத் துணிகளுக்கு நடுவில் நின்று அழுதார்கள். அவ்வளவு நாளில் இருவரும் சேர்ந்து அழுதது அதுதான் முதல்முறை. பிறகு டீச்சர் தன் முந்தானையால் அவள் முகத்தைத் துடைத்துவிட்டு, "வண்டி வர நேரமாச்சு, வா" என்றார்.

டாக்டர் மறுபடி படம் எடுத்துப் பார்த்தார். வெந்த இடம் வெந்தபடியே இருக்கிறது என்றார். "இனிமே வராதா?" என்று டீச்சர் கேட்டார். "வராதுன்னும் என்னால சொல்ல முடியாதும்மா" என்றார் டாக்டர். திரும்பி வரும்போது மூவரும் பேருந்தில் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தார்கள். யாருக்கும் புதிதாக எதுவும் இடிந்து விழவில்லை.

மறுநாள் விரிப்பு மடிக்கும்போது கணவர் கேட்டார்.

"அவரு எப்படிங்க? உங்க வீட்டுக்காரர்."

அவள் கையில் முனை நின்றது. இதுவரை அவர் கேட்டதில்லை.

"வேலையில கெட்டிக்காரர். பொய் சொல்லமாட்டார். முன்கோபி. சாப்பிட்டியான்னு ஒருநாள் என்னைக் கேட்டதில்ல. ஆனா எனக்குக் காய்ச்சல் வந்தா கடையைத் திறக்கமாட்டார். பக்கத்துல உக்காந்திருப்பார், அப்பவும் பேசமாட்டார்."

"அவரை உங்களுக்குப் பிடிக்குமா?"

"ரொம்ப."

அவர் தலையை ஆட்டிக்கொண்டார். விரிப்பை உதறினார்கள். மடித்து நெருங்கி வந்தார். முனைகளைக் கொடுக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.

"என்னை?"

பொய் சொல்வது சுலபமாக இருந்திருக்கும். பொய்யான பதில்களுக்காக இந்த மனுஷன் குளியலறையில் நின்று மனப்பாடம் பண்ணியதை நினைத்தாள்.

"தெரியலங்க" என்றாள். "இப்பதானே பழகறேன்."

அவர் முகம் வாடவில்லை. யாரோ முதன்முறையாகத் தன்னிடம் நேராகப் பேசியதைப் போல அவளைப் பார்த்தார்.

"சரிங்க. அவசரமில்ல" என்றார். முனைகளை அவள் கையில் வைத்துவிட்டு, கீழே தொங்கிய மடிப்பை எடுக்கக் குனிந்தார்.